நாலு மணிக்கு வரச் சொன்ன வீடு

பழைய புத்தகம் தேடி ஊர் ஊராக அலைபவர்களுக்காக இதை எழுதுகிறேன். கிண்ணியாவுக்குப் போய் வந்து இரண்டு வாரமாகிறது. எழுதாமல் விட்டுவிடலாமா என்றுகூட நினைத்தேன்.

நான் வவுனியாவில் வரலாறு படிப்பிக்கிறவன். எனக்குப் பைத்தியம் அமெரிக்கக் குடியேற்றக் காலம்: அந்த ஊர்களில் ஆட்கள் எப்படிச் சாப்பிட்டார்கள், எப்படிச் சண்டை பிடித்தார்கள், செத்தவரை எப்படி அடக்கினார்கள் என்று ஆராய்ந்து எழுதிய கனத்த நூல்கள். இங்கே அவை கிடைப்பது குதிரைக்கொம்பு. போன மாதம் ரிஸ்வான் என்பவர் முகநூலில் ஒரு புத்தக அலுமாரியின் படம் போட்டிருந்தார். அவருடைய வாப்பா அமெரிக்காவில் படித்தவர், ஓய்வுபெற்ற வரலாற்று ஆசிரியர், இரண்டு மாதத்துக்கு முன் காலமானார். புத்தகங்களை வாசிக்கக்கூடிய ஒருவருக்குச் சும்மா கொடுக்கப் போகிறார்களாம். படத்தைப் பெரிதாக்கிப் பார்த்தேன். நித்திரை போய்விட்டது.

“வெள்ளிக்கிழமை பின்னேரம் நாலு மணிக்கு வாங்க” என்றார் ரிஸ்வான். கொழும்பிலிருந்தும் ஒருவர் கேட்டிருக்கிறார் என்று பேச்சோடு சொன்னார். அது போதாதா எனக்கு? விடிய ஆறு மணி பஸ்ஸைப் பிடித்தேன். ஹொரவப்பொத்தானை வழியாகத் திருகோணமலைக்கு ஏறக்குறைய தொண்ணூற்றைந்து கிலோமீற்றர், மூன்று மணித்தியாலம், 450 ரூபாய். நகரத்தில் இடியப்பம் சாப்பிட்டு, துறைமுகப் பக்கம் கொஞ்சம் காலாற நடந்து, பதினொன்றரைக்குக் கிண்ணியா பஸ்ஸில் ஏறினேன். சீனன்குடா தாண்டிப் பாலத்தில் ஏறும்போது வலப்பக்க இருக்கை கிடைத்தால் விடாதீர்கள், தம்பலகாமக் குடா முழுவதும் தெரியும்.

கிண்ணியாவில் இறங்கியபோது கடைகள் எல்லாம் பூட்டிக்கிடந்தன. ஓட்டோக்காரர் தொப்பியைத் தலையில் வைத்துக்கொண்டே கேட்டார்.

“ஜும்ஆத் தொழுகை நேரம் சேர். வீட்டில ஆம்பிளையள் இருக்க மாட்டாங்களே, பரவால்லையா?”

“ஓம், என்னை வரச் சொல்லித்தான் இருக்கு” என்றேன். பச்சைப் பொய் இல்லை, பாதிப் பொய்.

வீட்டுக் கதவு திறந்திருந்தது. கூப்பிட்டேன். உள்ளேயிருந்து ஒரு பெண்குரல் வந்தது: “மகன் பள்ளிவாசலுக்குப் போயிருக்கிறாரு. வெளிய கதிரையில இருங்க.” இருந்தேன். ஐந்து நிமிடம் இருந்திருப்பேன். ஜன்னல் வழியே, விறாந்தையை ஒட்டிய அறையில் அலுமாரி தெரிந்தது. தடித்த முதுகுகள், பொன் எழுத்துகள். ஒருக்கால் எட்டிப் பார்த்தால் என்ன என்று எழுந்தேன். அறை வாசலில் தொங்கிய சீலையை விலக்கிக்கொண்டு உள்ளே போனேன்.

மூலையில் பாயில் ஒரு வயதான அம்மா இருந்தார். என்னைக் கண்டதும் முக்காட்டை முகத்துக்கு இழுத்துக்கொண்டு சுவர்ப்பக்கம் திரும்பிவிட்டார். கூச்ச சுபாவம் என்று நினைத்தேன். “நீங்கள் இருங்கோ அம்மா, நான் புத்தகத்தைத்தான் பார்க்கிறன்” என்று பெருந்தன்மையோடு வேறு சொன்னேன். பிறகு அங்கே கிடந்த கதிரையை அறை வாசலோரம் காற்றுக்கு இழுத்துப் போட்டு, ஒவ்வொன்றாக எடுத்துப் புரட்டத் தொடங்கினேன். நான் வழியை மறித்து இருந்ததால் அவரால் எழுந்து வெளியே போகவும் ஏலாது. அது எனக்குத் தோன்றவே இல்லை. சுவரைப் பார்த்தபடி அவர் இருந்தார், நான் சந்தோஷமாக வாசித்தேன்.

தொழுகை முடிந்து ரிஸ்வான் வந்தார். வாசலில் நின்று என்னைப் பார்த்தார், தாயைப் பார்த்தார். குரலை உயர்த்தவில்லை.

“சேர், கொஞ்சம் வெளிய வாங்க. உம்மா இத்தாவில இருக்கிறாங்க.”

இத்தா என்றால், கணவன் இறந்த பிறகு நாலு மாதமும் பத்து நாளும் அந்நிய ஆண்கள் கண்ணில் படாமல் மனைவி வீட்டோடு இருப்பது. வவுனியாவில் என் வீட்டிலிருந்து நாலாவது வீடு முஸ்லிம் வீடு. அந்தச் சொல்லை நான் கேள்விப்பட்டிருக்கிறேன். கேட்டதோடு சரி. வெட்கத்தில் எனக்குக் காது சுட்டது. மன்னிப்புக் கேட்டேன், எத்தனை தரம் கேட்டேன் என்று தெரியாது.

“நாலு மணி எண்டு சொன்னது அதுக்குத்தான் சேர்” என்றார் ரிஸ்வான். “உம்மாவ மற்ற அறைக்கு மாத்திட்டு உங்களக் கூப்பிட இருந்தம். நீங்க புத்தகங்களப் பத்திச் சொல்றத சீலைக்குப் பின்னால இருந்து அவங்களும் கேக்கப் போறாங்களாம். வாப்பா நாற்பது வருசமா இதுகள வாசிச்சாரு, உள்ள என்ன இருக்கெண்டு ஒருநாளும் உம்மாவுக்குச் சொன்னதில்ல.”

பிறகு சோறு வந்தது. வேண்டாம் என்று சொல்லும் தகுதிகூட எனக்கு இருக்கவில்லை. சாப்பிட்டு முடிய, உள்ளறைச் சீலைக்குப் பின்னாலிருந்து அந்த அம்மா தானே கேட்டார்.

“மகன், அந்த நாட்டில மாப்பிள்ள மவுத்தானா பொஞ்சாதி என்ன செய்வா? அது இருக்கா பொத்தகத்தில?”

இருக்கிறதே! வாய் தானாகத் திறந்தது. துக்கத்துக்கு வந்தவர்களுக்குக் கையுறை கொடுப்பதைச் சொன்னேன். விதவைக்குச் சொத்தில் மூன்றில் ஒரு பங்கு, வீட்டில் எந்த அறை, அடுப்பில் எவ்வளவு உரிமை, கிணற்றுக்குப் போக எந்தப் பாதை என்றெல்லாம் கணவன் எழுதிவைப்பதைச் சொன்னேன். தடங்கலே இல்லை, வகுப்பில் சொல்வதுபோல வந்தது.



“அங்கத்த மவுத்து வீட்டு முறையெல்லாம் வடிவா தெரிஞ்சிருக்கு மகனுக்கு” என்றார் அந்த அம்மா.

குத்திச் சொன்னாரா, பாராட்டினாரா, இன்றுவரை தெரியாது. எனக்குக் குத்தியது. “இன்னும் ஒண்டு ரெண்டப் பத்திச் சொல்லுங்க, உம்மா கேட்டுக்கிட்டு இருக்கிறாங்க” என்றார் ரிஸ்வான்.  பஸ் இருக்கிறது என்று சொல்லி, ஒரு புத்தகமும் எடுக்காமல் எழுந்து வந்துவிட்டேன். முதலில் ஆசையில் ஒரு பிழை, பிறகு வெட்கத்தில் இன்னொன்று. இரண்டாவதுதான் பெரிது என்று பாலத்தைக் கடக்கும்போது புரிந்தது. திரும்பிப் போகத் தைரியம் வரவில்லை.

போகிறவர்களுக்கு: திருகோணமலையிலிருந்து கிண்ணியா ஏறக்குறைய இருபது கிலோமீற்றர், பஸ் 110 ரூபாய், ஓட்டோ 200. வெள்ளிக்கிழமை மதியம் போகாதீர்கள். துக்க வீடென்றால் முதலே கேளுங்கள், சொன்ன நேரத்துக்கே போங்கள், வெளியே இருக்கச் சொன்னால் வெளியே இருங்கள்.

கொழும்புக்காரர் வரவில்லையாம். புத்தகங்கள் இன்னும் அங்கேதான் இருக்கின்றன, விருப்பமானவர்கள் கீழே எழுதினால் ரிஸ்வானிடம் கேட்டுச் சொல்கிறேன். ஆனால் அள்ளிக்கொண்டு ஓடிவந்துவிடாதீர்கள். ஒவ்வொன்றிலும் என்ன இருக்கிறதென்று அந்த அம்மாவுக்குச் சொல்லிவிட்டு எடுங்கள். நாற்பது வருடமாக அவருக்கு யாரும் சொல்லவில்லை. சொல்ல வந்தவனும் பாதியில் எழுந்து வந்துவிட்டான்.