உன் போன் பாடுமா?

பாரிசில் கல்யாணம் செய்துகொண்டு எங்கள் உப்பளம் தெருவுக்கு மருமகளாக வந்தவர் அந்தப் பாலஸ்தீன அக்கா. வெண்டைக்காயை ஒவ்வொன்றாக முனை ஒடித்துப் பார்த்துத்தான் வாங்குவார். காய்க்காரரை அதட்டும்போது அவர் பேசும் தமிழ் எங்களுடையதைவிட வேகமாக ஓடும்.

அவருடைய அம்மா பிறந்த ஊரை எப்போதோ இடித்துவிட்டார்கள். அங்கே கல்யாணங்களில் பெண்கள் பாடிய பாட்டு மட்டும் மிச்சம். அதைப் பதிவு செய்தே தீருவது என்று போனை நீட்டிக்கொண்டு போனேன். ஒரு வரி பாடிவிட்டு நிறுத்திவிட்டார்.

“அடுத்த வரி எங்கக்கா?”

“அத நான் பாடக்கூடாதுடி. ஒருத்தி பாடுனா, மத்தவங்க பதில் பாடணும். உன் போன் பாடுமா?”

“எனக்குப் பாட வராதுக்கா.”

“மூஞ்சியப் பாத்தாலே தெரியுது. பாடு.”

அவர் சொல்லிக்கொடுக்க, பாடினேன். மற்ற வார்த்தைகளை நான் கொலை செய்தபோதெல்லாம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். அம்மாவின் ஊர்ப் பெயரில் மட்டும் சிரிக்கவில்லை. சரியாக வரும்வரை ஏழெட்டு முறை சொல்லவைத்தார். கடைசியில் அவர் போட்ட குலவையில் எதிர்வீட்டு ஜன்னல் திறந்தது.

வீட்டுக்கு வந்ததும் பதிவிலிருந்து என் கட்டைக் குரலை வெட்டிவிட உட்கார்ந்தேன். முடியவில்லை. ஊர்ப் பெயர் பதில் வரியில்தான் வருகிறது. என்னை வெட்டினால் அந்த ஊரும் போய்விடும்.