சின்னம்மா தமிழ் பேசிய நாடகம்

எங்கள் சின்னம்மா பிரிட்டிஷ் தொலைக்காட்சி நடிகை. நாங்கள் குடியிருந்த கோலியர்ஸ் வுட்டில் இந்தப் பெருமை வேறு எந்தத் தமிழ் வீட்டுக்கும் கிடையாது. ஒரு நாடகத்தில் தாதியாக வந்தார், இன்னொன்றில் கடைக்காரனின் மனைவியாக வந்து மீதிச் சில்லறை கொடுத்தார். பெரும்பாலும் முதுகுதான் தெரியும். "முதுகு நல்லா நடிக்குது," என்பார் அப்பா. வாய் திறந்து பேசிய காட்சிகளை எல்லாம் வெட்டிவிடுவார்கள். அதையும் சின்னம்மா சிரித்துக்கொண்டேதான் சொல்வார்.

இந்த முறை அப்படியில்லை. பொலிஸ் பிடித்துப்போன மகனைத் தேடி வரும் தாய் வேடம். அதைவிடப் பெரிய சங்கதி, உன் மொழியிலேயே வாயில் வந்ததைச் சொல்லி அழு, எங்களுக்கு விளங்காவிட்டாலும் பரவாயில்லை என்று இயக்குநர் சொல்லியிருந்தார். வெள்ளைக்காரனின் தொலைக்காட்சியில் தமிழ்! பள்ளிக்கூடம் முழுக்கத் தம்பட்டம் அடித்துவிட்டேன். இதையும் வெட்டிவிட்டால் என் மானம் கப்பலேறிவிடும்.

ஒளிபரப்பான அன்று எங்கள் வீட்டில் உட்கார இடமில்லை. வீடியோ டெக் என் பொறுப்பு. புதுக் கசெற்றைப் போட்டு, பதிவுப் பொத்தானில் விரலை வைத்தபடி காத்திருந்தேன். சின்னம்மாவோ யார் வீட்டுக்கோ வந்தவர் மாதிரி ஒரு மூலையில் தேநீரோடு இருந்தார்.

வெட்டவில்லை! திரை நிறையச் சின்னம்மாவின் முகம். பொலிஸ்காரரின் மேசையைப் பிடித்துக்கொண்டு, "உன்ர சைக்கிளைத் துடைச்சு வைச்சிருக்கிறன், வாடா," என்று கதறினார்.

நான் துள்ளிக் குதித்துக் கை தட்டினேன். வேறு ஒருவரும் கை தட்டவில்லை. அம்மா சேலைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டிருந்தார். எனக்கு ஒரு சந்தேகம் வேறு.

"கதையில அந்தப் பெடியனிட்டச் சைக்கிளே இல்லையே, சின்னம்மா?"

"ஓம், பிழையாச் சொல்லிப்போட்டன்," என்றார் சின்னம்மா.

அம்மாவுக்கும் சின்னம்மாவுக்கும் ஊரில் ஒரே தம்பி இருந்தார். அவரை ஆமிச் சிப்பாய்கள் பிடித்துப்போனதையும், சந்தியில் கிடந்த அவருடைய சைக்கிளைச் சின்னம்மாதான் வீட்டுக்கு உருட்டி வந்தார் என்பதையும் நான் வளர்ந்த பிறகே எனக்குச் சொன்னார்கள். அதுவரை அவரைப் பற்றி எங்கள் வீட்டில் யாரும் வாய் திறந்ததில்லை.

அன்று அப்பா, "இன்னொருக்காப் போடு, பிள்ளை," என்றார். போட்டேன். பிறகு அம்மாவும் போடச் சொன்னார். எல்லாரும் அழுதார்கள். சின்னம்மாவின் நடிப்பு அவ்வளவு அருமை என்று பூரித்துப்போய், ஒவ்வொரு முறையும் சத்தத்தை இன்னும் கொஞ்சம் கூட்டினேன்.