ஐயனார் திட்டிலிருந்து எடுத்த பிள்ளை

சாமியைப் பற்றித் தெரியாதவன், தெரியாது என்று சொல்லிவிட்டால் எனக்குக் கோபம் வராது. நானும் எட்டாம் வகுப்போடு நின்றவன்தான். எனக்குத் தெரியாதது எவ்வளவோ இருக்கிறது. ஆனால் தெரியாத ஒருவன் இடுப்பில் ஸ்பீக்கரைக் கட்டிக்கொண்டு, வாயில் வந்ததையெல்லாம் ஐயனார் பேரில் ஏற்றிச் சொல்லி, அதை என் வீட்டுக்காரி நம்பும்படி செய்துவிட்டான். அந்தக் கோபம் இன்னும் எனக்கு அடங்கவில்லை.

கந்தர்வக்கோட்டைப் பக்கம் எங்களுக்கு முந்திரிக்காடு. மகன் சிங்கப்பூரில் வேலை பார்க்கிறான். தை மாதம் அவன் போன் செய்து, “நம்ம மாவட்டத்தையே நீங்க ரெண்டு பேரும் சுத்திப் பாத்ததில்லப்பா. ஒரு நாள் டூர் ஒண்ணு இருக்கு. காலையில மலை மேல இடிஞ்ச கோயிலு, மத்தியானம் கண்மாய்க்குள்ள படகுல போயி திட்டு பாக்குறது. ஒங்க ரெண்டு பேருக்கும் புக் பண்ணிட்டேன்” என்றான்.

“நம்ம கண்மாயப் பாக்க நம்மளுக்கே டூரா?” என்று சிரித்துவிட்டேன். ஆனால் பக்கத்தில் நின்ற என் மனைவி, “எந்தத் திட்டாம், கேளுங்க” என்றாள். அவன் ஊர்ப்பெயரைச் சொன்னதும் அவள் முகம் மாறியது. கண்மாய்க்கு நடுவில் தண்ணீர் ஏறாமல் நிற்கும் மேடு அது. அதில் ஒரு ஐயனார் இருக்கிறார். பிள்ளை வரம் கொடுப்பவர் என்று எங்கள் பக்கத்திலும் பேச்சு உண்டு. மழை பெய்து கண்மாய் நிறைந்துவிட்டால் படகு இல்லாமல் போக முடியாது.

“போவோங்க” என்றாள்.

காரணம் எங்கள் மகள். அவளைத் திருப்பூரில் கட்டிக்கொடுத்திருக்கிறோம். கல்யாணமாகி வருஷங்கள் ஓடிவிட்டன, பிள்ளை இல்லை. மாப்பிள்ளை தங்கமானவர். அவருடைய அம்மாவைப் பற்றி நான் சொல்லப்போவதில்லை. கோயம்புத்தூரில் ஒரு ஆஸ்பத்திரியில் வைத்தியம் பார்த்தார்கள். இரண்டு முறை கரு வைத்தும் தங்கவில்லை. இது மூன்றாவது. டூர் போனது ஒரு சனிக்கிழமை; அடுத்து வரும் திங்கட்கிழமை, தங்கியிருக்கிறதா என்று ரத்தம் எடுத்துப் பார்த்துச் சொல்வதாக இருந்தது. அந்த வாரம் முழுக்க என் மனைவி சாப்பிட்டாளா என்று எனக்குத் தெரியாது. தட்டு முன்னால் உட்கார்ந்திருப்பாள், அவ்வளவுதான்.

புதுக்கோட்டையிலிருந்து வேன் கிளம்பியது. எங்களோடு பத்துப் பன்னிரண்டு பேர், எல்லோரும் வெளியூர். சுற்றிக் காட்டுவதற்கு ஒரு தம்பி வந்திருந்தான். நல்ல பேச்சு, சிரித்த முகம், நெற்றியில் சின்னக் குங்குமம்கூட இருந்தது. அதைப் பார்த்து நானும் ஏமாந்தேன். எங்களை அங்கிள், ஆன்ட்டி என்றான். கூப்பிட்டுவிட்டுப் போகட்டும், அது பெரிய குற்றமில்லை.

மலையென்றால் எங்கள் பக்கத்து மலைதான், வெறும் பாறை. வெயில் ஏறுவதற்குள் மேலே போய்விட்டோம். கோபுரம் இல்லை. மண்டபத்தில் பாதித் தூண்கள் சாய்ந்து கிடந்தன. கர்ப்பகிரகம் மேல்கூரையில்லாமல் வானத்தைப் பார்த்துத் திறந்திருந்தது. லிங்கம் போன இடம் தெரியவில்லை, ஆவுடை மட்டும் இருந்தது. நானும் அவளும் செருப்பைக் கழற்றி வைத்துவிட்டு உள்ளே போனோம். மற்றவர்கள் ஷூவோடு வந்தார்கள்.

“தம்பி, கொஞ்சம் கழட்டச் சொல்லுங்க” என்றேன்.

“அங்கிள், இங்க பூஜை இல்ல. சாமி எப்பவோ காலி பண்ணிட்டாரு. இப்ப இது மான்யுமென்ட்” என்று ஸ்பீக்கரிலேயே சொன்னான். எல்லோரும் சிரித்தார்கள்.

வாடகைக்கு இருந்தவரா அவர், காலி பண்ணுவதற்கு? பூஜை செய்ய மறந்தது மனுஷன். அதற்குச் சாமி இல்லையென்று ஆகிவிடுமா? ஒருத்தி ஆவுடையின் மேல் உட்கார்ந்து போட்டோவுக்குச் சிரித்தாள். கையிலிருந்த துண்டு நனைகிற அளவுக்கு எனக்கு வேர்த்தது. அது வெயிலால் வந்த வேர்வை இல்லை.

அதற்கும் மேலே ஒரு சுனை. பாறைக்குள் கிடக்கும் பச்சைத் தண்ணீர். அடியில் லிங்கம் இருப்பதாகவும், தண்ணீரை இறைத்தால்தான் தெரியும் என்றும் மலையடிவாரத்துக்காரர்கள் சொல்வார்கள். காய்ச்சல் கண்டவர்கள் அந்தத் தண்ணீரை எடுத்துத் தலையில் தெளித்துக்கொள்வார்கள். அந்தத் தம்பி என்ன சொன்னான் தெரியுமா? “இதுதான் அந்தக் காலத்து ராணியோட ஸ்விம்மிங் பூல்.” ராணி எந்த வழியாக ஏறி வந்தாள் என்று அவனைக் கேட்க வேண்டும். நாங்களே தவழ்ந்துதான் ஏறினோம். பிறகு, “காசைப் போட்டு விஷ் பண்ணுங்க, நடக்கும்” என்றான். எல்லோரும் போட்டார்கள்.

என் மனைவி மட்டும் குனிந்து தண்ணீரைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள். அப்புறம் பர்சைத் திறந்து ஒரு நாணயத்தை எடுத்து அவளும் போட்டாள். நான் பார்த்ததைப் பார்த்துவிட்டாள்.

“என்னத்தக் கண்டோம்” என்றாள், மெதுவாக.

அப்போதே எனக்கு உறைத்திருக்க வேண்டும்.

மத்தியானம் சாப்பாடு முடிந்து கண்மாய்க்கு வந்தோம். அந்த வருஷம் நல்ல மழை, தண்ணீர் கரையைத் தொட்டு நின்றது. பைபர் படகு. ஓட்டுகிறவர் பக்கத்து ஊர்க்காரர், பீடியும் கையுமாக இருந்தார். எல்லோருக்கும் ஆரஞ்சு நிறத்தில் மிதவைச் சட்டை கொடுத்தார்கள். என் மனைவி சேலை மேல் அதைப் போட்டுக்கொண்டு நெஞ்சோடு பட்டையை மாட்டினாள். “நல்லாத்தான் இருக்கு, மூட்டை தூக்குற ஆளு மாதிரி” என்றேன். “நீங்க என்னவாம், சிலிண்டர் மாதிரி இருக்கீங்க” என்றாள். அந்த நாளில் அவள் சிரித்தது அந்த ஒரு தடவைதான்.

முதல் திட்டில் கருவேல மரமும் கொக்கும்தான். இரண்டாவது திட்டில்தான் ஐயனார். கூரை கிடையாது, ஒரு மருத மரம்தான் நிழல். அவரைச் சுற்றி மண்குதிரைகள். சில முழுசாக, சில கால் உடைந்து, சில வெறும் கழுத்தாக. அவற்றுக்கு முன்னால் வரிசையாக மண்ணால் செய்து சுட்ட குழந்தைப் பொம்மைகள். முழங்கை நீளம்கூட இருக்காது. சிலவற்றில் இன்னும் சுண்ணாம்பும் காவியும் இருந்தன. கண் வரைந்திருந்தார்கள்.

எங்கள் ஊர் ஐயனாருக்கும் இந்த வழக்கம் உண்டு. கேட்பதற்கு வெறுங்கையோடுதான் போக வேண்டும். பிள்ளை பிறந்து, நடக்க ஆரம்பித்த பிறகு, அந்தப் பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு, குயவர் வீட்டில் சொல்லி வைத்து வாங்கிய மண்பிள்ளையை ஏந்திக்கொண்டு மேளத்தோடு வந்து வைப்பார்கள். அப்படியென்றால் அங்கே நிற்கும் ஒவ்வொன்றும் எங்கோ ஓடித் திரிகிற ஒரு பிள்ளை. வைத்ததை யாரும் எடுக்க மாட்டார்கள், நகர்த்தக்கூட மாட்டார்கள். வெயிலிலும் மழையிலும் கிடந்து, உடைந்து, அதுவாக மண்ணோடு போகும்.

அந்தத் தம்பி மருத மரத்தடியில் நின்று மைக்கில் சொன்னான்: “பிள்ளை இல்லாதவங்க இங்க வந்து இதுல ஒரு பொம்மையை யாருக்கும் தெரியாம எடுத்துக்கிட்டுப் போயி, பூஜை ரூம்ல வச்சா, வருஷத்துக்குள்ள நிஜக் குழந்தை பிறக்கும்னு ஐதீகம்.”

ஐதீகமாம்! எவன் வீட்டு ஐதீகம்? “தம்பி, அப்படிக் கிடையாது. தப்பாச் சொல்றீங்க” என்று சத்தமாகவே சொன்னேன்.

“ஒவ்வொரு ஊர்லயும் ஒவ்வொரு மாதிரி சொல்லுவாங்க அங்கிள். வாங்க, வாங்க, டைம் ஆச்சு” என்று ஸ்பீக்கரைக் கொஞ்சம் கூட்டி வைத்துக்கொண்டான். என்னால் கத்தித்தான் பேச முடியும், ஐயனார் முன்னால் கத்த மனசு வரவில்லை. திருநீற்றை எடுத்துப் பூசிக்கொண்டு, மகள் பேரைச் சொல்லிக் கும்பிட்டுவிட்டுப் படகுக்கு வந்தேன். என் மனைவி எல்லோருக்கும் கடைசியில் வந்தாள். கையை நெஞ்சோடு கட்டிக்கொண்டு உட்கார்ந்தாள். குளிர்காற்று என்று நினைத்தேன்.

கரைக்கு வந்ததும் எல்லோரும் மிதவைச் சட்டையைக் கழற்றினார்கள். அவள் கழற்றவில்லை.

“ஆன்ட்டி, ஜாக்கெட்டைக் குடுங்க. அடுத்த பேட்ச் நிக்கிது.”

“இருக்கட்டும் தம்பி. வேன்ல போயிக் குடுக்குறேன்.”

“அதெல்லாம் வேனுக்குக் கொண்டு போகக் கூடாது ஆன்ட்டி. பட்டை சிக்கிக்கிச்சா? இருங்க, நான் எடுத்து விடுறேன்” என்று அவனே கையை நீட்டிப் பட்டையை விடுவித்துவிட்டான். சட்டை விரிந்தது. உள்ளே, மாராப்புக்குள், அவள் கைக்கு அடியில், ஒரு மண்பிள்ளையின் தலையும் வரைந்த இரண்டு கண்களும்.

எல்லோரும் கை தட்டினார்கள். சத்தியமாகத் தட்டினார்கள்! ஒருத்தி, “சோ ஸ்வீட்” என்றாள். அந்தத் தம்பி சிரித்த முகத்தோடு, “சூப்பர் ஆன்ட்டி! எடுத்துட்டுப் போங்க. சீக்கிரம் குட் நியூஸ் வரும்” என்றான்.

அவள் தலை குனிந்து நின்றாள். பத்துப் பேர் நடுவில், ஒரு தாயின் துக்கத்துக்குக் கை தட்டுகிறார்கள். யாரை அடிப்பது?

அவளைக் கையைப் பிடித்துக் கரையில் தள்ளிக் கூட்டிப்போனேன். “ஏ புள்ள, ஒனக்குமா தெரியாது?”

“தெரியாமயா இருக்கு?” என்று என்னைப் பார்த்தாள். “தெரிஞ்ச மாதிரித்தான இத்தனை வருசமும் கும்பிட்டோம். வெறுங்கையோட போனோம், வெறுங்கையோட வந்தோம். இவன் சொல்றபடியும் ஒரு தடவ செஞ்சு பாத்தா என்னங்க? திங்கட்கிழமை அவங்க இல்லன்னு சொல்லிட்டா, எம்மக தாங்க மாட்டா.”

கோபமெல்லாம் எங்கே போனதென்று தெரியவில்லை. “இது யாரு வீட்டுப் புள்ளையோ” என்று மட்டும் சொன்னேன்.

அவள் அந்தப் பொம்மையைத் திருப்பிப் பார்த்தாள். காலில் கொலுசு வரைந்திருந்தது. பெண்பிள்ளை. பார்த்தபடியே நின்றாள்.

“நம்ம மக பொறந்து நம்ம ஊரு ஐயனாருக்கு வச்ச பெறகு, நானும் திருவிழாவுக்குத் திருவிழா போயி தேடிப் பாப்பேங்க” என்றாள். “மூக்கு ஒடஞ்சிருந்துச்சு. அத வச்சுத்தான் அடையாளம். இவளையும் ஒருத்தி வந்து தேடுவாள்ல.”

சொல்லிவிட்டு நேராகப் போய்ப் படகில் ஏறி உட்கார்ந்துவிட்டாள்.

தம்பி ஓடி வந்தான். “அங்கிள், அடுத்த பேட்ச் வெயிட்டிங். வேன்ல எல்லாரும் ஏறிட்டாங்க. பொம்மைதானே, நெறையக் கெடக்கு. நானே அடுத்த தடவை கொண்டு வச்சிடுறேன்.”

“நீ அதத் தொடாத” என்றேன். என் வாழ்க்கையில் ஊர் பேர் தெரியாத ஒருவனை நீ, வா, போ என்று பேசியதில்லை. அன்றைக்குப் பேசினேன். “சுனையில காசப் போடச் சொன்ன. சாமி காலி பண்ணிட்டாருன்ன. போகட்டும். புள்ள இல்லாத வீட்டு வேதனையில வெளையாடுறியே, ஒன்னைய யாரு கேக்குறது?”

“அங்கிள், ஒரு கதை இல்லாட்டி யாரு வருவா?” அவன் முகத்தில் இப்போதும் சிரிப்புத்தான். நிஜமாகவே அவனுக்குப் புரியவில்லை. அதுதான் எனக்கு இன்னும் ஆத்திரம்.

படகுக்காரரைப் பார்த்தேன். “அண்ணே, நீங்களாவது இவருக்குச் சொல்லக் கூடாதா? நீங்க இந்தப் பக்கத்து ஆளுதான?”

“இது எங்க ஊரு சாமி இல்லீங்க. எங்களுக்கு அங்கிட்டு, மேல்கரையில” என்றார், பீடியை அணைத்துக்கொண்டே. “இவரு இப்படிச் சொல்ல ஆரம்பிச்சதுலருந்து பொம்ம போயிக்கிட்டேதான் இருக்கு. சரி, ஏறுங்க. அந்தம்மா எறங்குற மாதிரித் தெரியல.”

திரும்பவும் திட்டுக்குப் போனோம். நாங்கள் மூன்று பேர்தான். வரிசையில் அது இருந்த இடம் தெரிந்தது. அதன் அடிப்பாகம் அழுந்திய வட்டம், சுற்றிலும் மருத இலை. அவள் குனிந்து அதே வட்டத்தில் உட்கார வைத்து, முகத்தில் ஒட்டியிருந்த தூசியை முந்தானையால் துடைத்துவிட்டாள். விழுந்து கும்பிட்டாள். என்ன கேட்டாள் என்று நான் கேட்கவில்லை.

வேனில் யாரும் எங்களோடு பேசவில்லை. எங்களால் தாமதம் என்று முகத்தைத் தூக்கி வைத்திருந்தார்கள். புதுக்கோட்டையில் இறங்கும்போது அந்தத் தம்பி, “ரேட்டிங் மட்டும் நல்லாப் போடுங்க அங்கிள்” என்றான். நான் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

திங்கட்கிழமை மத்தியானம் மாப்பிள்ளைதான் போன் செய்தார். இல்லை என்று சொல்லிவிட்டார்கள். மகள் பேசவில்லை. பின்னால் அவள் அழுவது கேட்டது.

என் மனைவி அழவில்லை. அடுப்படியில் போய் உட்கார்ந்தாள். சாயந்திரம் வரைக்கும் அப்படியே இருந்தாள். விளக்கேற்றுகிற நேரத்தில் என்னைக் கூப்பிட்டு, “ஏங்க, அத எடுத்ததுனாலயா? இல்ல, திருப்பி வச்சதுனாலயா?” என்று கேட்டாள்.

இதுதான் அவன் செய்த வேலை. இத்தனை வருஷம் கிடைக்கவில்லை என்ற துக்கம் மட்டும்தான் இந்த வீட்டில் இருந்தது. ஐயனார் மேல் அவளுக்குப் பயம் இருந்ததில்லை. கேட்போம், கொடுக்கிறபோது கொடுப்பார் என்று இருந்தவள். ஒரு மத்தியானத்தில், ஒரு வாய்ப்பேச்சில், எடுத்தாலும் குற்றம், வைத்தாலும் குற்றம் என்று அவளை நிறுத்திவிட்டான்.

“எடுத்ததுனாலயும் இல்ல, வச்சதுனாலயும் இல்ல. அவரு அப்படிப்பட்ட சாமி இல்ல” என்றேன். தலையை ஆட்டினாள். நம்பினாளா என்று தெரியவில்லை. இப்போதும் சில நாள் விளக்குத் திரியைத் தூண்டிக்கொண்டே என்னைத் திரும்பிப் பார்ப்பாள். கேட்கப்போகிறாள் என்று எனக்குத் தெரியும். அவள் கேட்பதற்கு முன்னாலேயே, இல்லை என்று சொல்லிவிடுகிறேன்.