பிஸ்தாவின் உள்முடி

என் அம்மா ஜெசிந்தா பட்டினப்பாக்கத்தில் மீன் விற்றாள். தோள் வலி வந்து கூடையை இறக்கிவைத்த பிறகு, அபிராமபுரம் பக்கத்து வீடுகளில் நாய் குளிப்பாட்டினாள். இந்தப் பிப்ரவரியில் இறந்தாள். வயது ஐம்பத்தெட்டு.

நாய் வேலை தொடங்கியது வைஜயந்தி மாமி வீட்டில். சுத்த சைவம். அங்கே மீன் சாப்பிட்டது பிஸ்தா மட்டும். அடர்ந்த முடியுள்ள கோல்டன் ரெட்ரீவர். அதற்கு மீன் வேகவைக்கப் பின்பக்கம் தனி அடுப்பு. ஒரு நாள் மீன் கொடுக்கப் போன அம்மா, பிஸ்தாவின் காதோர முடியை விலக்கி முகர்ந்து பார்த்தாள்.

“மாமி, இவனுக்கு உள்ள புண்ணு வரப் போவுது.”

மூன்றாம் நாள் வந்தது. அன்றிலிருந்து சனிக்கிழமைக் குளியல் அம்மாவுடையது.

இந்த வகை நாய்க்கு முடி இரண்டு அடுக்கு. மேல்முடி காய்ந்தாலும், அடியில் பஞ்சு போன்ற உள்முடியில் ஈரம் நிற்கும். அங்கே தோல் வெந்து அரிக்கும். நாய் கடித்துக் கடித்துப் புண்ணாக்கும். அம்மா குளிப்பாட்டப் பத்து நிமிடம். சோப்பு போக அலச இருபது. சீவிக்கொண்டே ப்ளோயரின் குளிர்காற்றில் உலர்த்த ஒன்றரை மணி நேரம். செவுளைத் திறந்து மீன் பார்ப்பதுபோல் முடியைப் பிரித்துக் கடைசியில் மூக்கை வைப்பாள். “சுத்தமா கீது” என்றால்தான் வேலை முடிந்தது.

போன ஐப்பசி மழையில் ஒரு சனிக்கிழமை அப்படித்தான் சொன்னாள். செவ்வாயன்று மாமி கூப்பிட்டார். பிஸ்தாவின் இடுப்பில் உள்ளங்கை அளவு புண். மாமி மஞ்சளும் தேங்காய் எண்ணெயும் தடவியிருந்தார். ஈரம் உள்ளேயே அடைபட்டு, புண் பெரிதாகியிருந்தது.

“என்ன ஜெசிந்தா, புண் அழுகிண்டு இருக்கே! பேசாம மொட்டை அடிச்சுடலாம்கறார் இவர். வேற ஆளும் பாத்துண்டிருக்கார்.”

“மொட்டை வேணாம் மாமி. வெயிலுக்கும் அதான் அவனுக்குக் குடை. புண்ணைச் சுத்தி மட்டும் வெட்டிக்கலாம். டாக்டராண்ட காட்டுங்க. பத்து நாளு குடுங்க எனக்கு.”

அன்று மாலை வீட்டில் கருவாடு வறுத்துக்கொண்டிருந்தேன். அம்மா இரண்டடி தள்ளி உட்கார்ந்திருந்தாள்.

“இன்னாடி ஜாசு, அடுப்புல?”

கரண்டியை வைத்துவிட்டேன்.

“எத்தினி நாளாம்மா?”

“தீபாவளிக்கு முன்னாலேர்ந்து.”

“ஏன் சொல்லல?”

“மூக்கு போச்சின்னா எவ கூப்புடுவா என்னை?”

ஈக்காட்டுத்தாங்கலில் அளவுக் கருவிகளைச் சரிபார்ப்பது என் வேலை. கருவி தவறாகக் காட்டினால் ஓரமாக வைத்துவிட்டு, வேறொன்றை எடுப்போம். அம்மா என்னை எடுத்தாள். சனிக்கிழமை கூட்டிப்போனாள்.

“மோந்து சொல்லு.”

“நாய் நாத்தம்தான்.”

“அதான் எந்த நாத்தம்? ஏசி ரூமுல ஒக்காந்து இன்னாதான் படிச்சியோ. வேர்வையா, ஈரத்துணியா?”

“ஈரத்துணி.”

“அப்ப காயல. போடு ப்ளோயரை.”

டாக்டர் தந்த மருந்து நீரால் தினமும் கழுவி, ஒற்றி, உலர்த்தினோம். கழுத்தில் புனல் மாட்டியிருந்ததால் பிஸ்தாவால் கடிக்க முடியவில்லை. பத்தாம் நாள் புண் காய்ந்து ரோஸ் நிறத் தோல் தெரிந்தது. மொட்டைப் பேச்சு நின்றது.

கிளம்பும்போது அம்மாவே சொன்னாள்.

“மாமி, அன்னிக்கு எனக்கு வாசனையே தெரியல. தெரிஞ்ச மாதிரி சொல்லிட்டேன். தப்பு என்னுது.”

மாமி பிஸ்தாவின் தலையைத் தடவினார்.

“நீ முதல்ல டாக்டரைப் பாரு. சனிக்கிழமை சனிக்கிழமைதான்.”

ஸ்கேன் எடுத்தோம். கோளாறு மூக்கில் இல்லை, தலைக்குள் இருந்தது. தைப் பொங்கல் வரை அம்மா போனாள். கீழே உட்கார முடியாமல் நாற்காலியில் இருந்து சொன்னாள், நான் முகர்ந்தேன்.

இப்போது சனிக்கிழமை நான் போகிறேன். இந்த வாரம் கோடை மழை. ஒன்றரை மணி நேரம் உலர்த்தியபின் இடுப்பு முடியைப் பிரித்து மூக்கை வைத்தேன். லேசாக ஈரத்துணி.

“முடிஞ்சுதா ஜாஸ்மின்?” என்றார் மாமி.

“இல்ல மாமி. இன்னும் காயல.”

ப்ளோயரை மறுபடி போட்டேன்.