எஸ்தர் டீச்சர் பார்த்த முதல் பகுதி

காலையில் பால் காய்ச்சிக்கொண்டிருந்தபோது டேனியல் போன் செய்தான். "டீச்சர், அம்மா தூக்கத்துலயே போயிட்டாங்க. நான் பக்கத்துலதான் இருந்தேன்." நம் டெல்லிப் பள்ளியில் என்னோடு நெடுங்காலம் வேலை பார்த்த, உயிரியல் நடத்திய எஸ்தர் டீச்சர் இனி இல்லை. மகன் பக்கத்தில் இருந்தான் என்பது எவ்வளவு பெரிய விஷயம் என்று உங்களில் சிலருக்குத் தெரியும்.

ஈரப் பஞ்சில் அவரைக்கொட்டையை முளைக்கவைத்து வரையச் சொல்வார். ஒருவன் புத்தகத்தைப் பார்த்து நேரான வேரை வரைந்துவிட்டான். "உன் விதை என்ன செஞ்சுதோ அத வரைலே. புத்தகக்காரங்க விதைய அவங்க வரைஞ்சாச்சு" என்றார். திருநெல்வேலித் தமிழ் அப்படியே இருக்கும். டெல்லிப் பிள்ளைகள் இந்தி "அச்சா"வோடு அவருடைய "லே"யைச் சேர்த்து "அச்சாலே" என்று பதில் சொல்லிச் சிரிப்பார்கள். அவரும் சிரிப்பார்.

டேனியல் வங்கி வேலையை விட்டுவிட்டு நடிக்க மும்பை போனபோது மட்டும் சிரிக்கவில்லை. ஒரு வருடத்துக்கும் மேலாக அம்மாவும் பிள்ளையும் பேசவில்லை. நாம் விசாரித்தால், "இருக்கான்" என்பார். அவ்வளவுதான்.

மராட்டிய அரச குடும்பத்தைப் பற்றிய புதிய இந்தித் தொடரில் முதல் பகுதியிலேயே வருகிறேன் என்று அவன் என்னிடம்தான் சொன்னான். "அம்மாகிட்ட சொல்லாதீங்க டீச்சர். ஆனா எப்படியாவது பாக்க வைங்க." எங்கள் வீட்டு டிவி கெட்டுவிட்டது என்று சொல்லி அவருடைய கரோல் பாக் வீட்டுக்குப் போனேன்.

"ராஜா கதை பாக்கவா இந்தக் குளிர்ல வந்தீங்க?" என்று கேட்டுவிட்டு, டிவிக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்து பட்டாணி உரித்தார்.

எதிரிகள் கோட்டையைச் சூழ்ந்துவிட்டார்கள். ராணி கைக்குழந்தையோடு பின்வாசலுக்கு ஓடி வருகிறாள். அங்கே நின்ற காவலன், "ராணி சாஹிபா, ஜல்தி!" என்று அவசரப்படுத்தினான். அந்தக் குரலைக் கேட்டதும் டீச்சரின் கை நின்றது. அவர் திரும்பிப் பார்ப்பதற்குள் காவலனின் மார்பில் ஈட்டி பாய்ந்துவிட்டது. வாசலிலேயே விழுந்தான். டீச்சர் எழுந்த வேகத்தில் மடியிலிருந்த பட்டாணி தரையெல்லாம் உருண்டது.

"நம்பர மாத்திட்டானா?"

"இல்ல டீச்சர், அதேதான்."

உடனே அழைத்தார். "ஏலே, செத்தவனுக்கு வயிறு ஏறி இறங்குமாலே?"

"அம்மா... நீ பாத்தியா?"

"பாக்காமலா சொல்லுதேன்? மூச்சப் பிடிச்சிக்கிட்டுக் கிடக்கணும். ஈட்டி குத்துன எடமும் சரியில்ல. இதயம் அங்கயா இருக்கு?"

"டைரக்டர் அங்கதான் குத்தச் சொன்னாரும்மா."

"அவரு எந்த ஸ்கூல்ல படிச்சாரு?"

அவன் சிரித்த சிரிப்பு எனக்கே கேட்டது. டீச்சர் என் பக்கம் திரும்பி, "அத அமத்துங்க டீச்சர், பிள்ள பேசுறது கேக்கல" என்றார்.

டிவியை அணைத்தேன். அவர் தரையில் உட்கார்ந்து, ஒரு கையால் பட்டாணியைப் பொறுக்கிக்கொண்டே, மும்பையில் அரிசி என்ன விலை, துணி யார் துவைக்கிறார்கள் என்று கேட்டுக்கொண்டிருந்தார். பழைய கோபத்தைப் பற்றி இருவரும் ஒரு வார்த்தை பேசவில்லை. எஸ்தர் டீச்சரிடமிருந்து நான் எடுத்து வைத்திருப்பது அந்த மாலைதான். ராணி தப்பித்தாளா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது.