ஜெனரேட்டர் விழுங்கிய பெனால்டி

எங்கள் பனியன் கம்பெனியில் மெஷின்கள் மொத்தமாக நின்றால் கரண்டு போய்விட்டது என்று அர்த்தம். உலகக் கோப்பை கால்பந்து நடந்த ஒரு மதியம் அப்படி நின்றதும், ஓடிப்போய் ஜெனரேட்டரைப் போட்டேன்.

டைலர் செல்வியக்கா ரேடியோவோடு வந்தார். "ஏனுங்க தம்பி, கரண்டு இருக்குதுங்க. மெஷின் ஓடுனா ரேடியோ கரகரங்குதுன்னு நாங்கதான் நிறுத்துனோம். கடைசிப் பெனால்டி அடிக்கறப்போ ஜெனரேட்டரப் போட்டுட்டீங்க."

அணைத்துவிட்டு வருவதற்குள் ஒலிபரப்பு முடிந்து பாட்டு ஓடியது.

"சரி, நாமளே அடிச்சுப் பாத்துக்கலாமுங்க" என்று துணி வேஸ்ட்டைப் பந்தாகக் கட்டி, வாசலில் நின்ற என்னை நோக்கி உதைத்தார். பிடித்திருக்கலாம், மனசு வரவில்லை. டைலர்கள் எல்லோரும் கைதட்டினார்கள்.

மறுநாள் பேப்பரில், அந்தப் பெனால்டி வெளியே போனதாக இருந்தது. பேப்பரை மடித்து வண்டி சீட்டுக்கு அடியில் வைத்துவிட்டேன். எங்கள் கம்பெனியில் அது இன்னும் கோல்தான்.