சொட்டுவின் காதில் சொன்னது

அழுகை ஒரு தொழில் என்றால் சொட்டு அதில் ஐந்து வயதிலேயே மேஸ்திரி. படங்கள் பேசாத காலம் அது. வசனம் அட்டையில் எழுதி வரும். படிக்கத் தெரியாதவர்களுக்குப் பக்கத்து நாற்காலிக்காரர் பாதியைச் சொந்தமாகச் சேர்த்துப் படித்துச் சொல்வார். சொட்டுவின் முகம் வந்தால் மட்டும் யாருக்கும் அட்டை தேவைப்படவில்லை. கீழுதடு நடுங்கும், மூக்கு விடைக்கும், இடது கண்ணிலிருந்து ஒரு துளி கிளம்பி, பாதிக் கன்னத்தில் நின்று யோசித்துவிட்டு இறங்கும். அரங்கமே மூக்கைச் சிந்தும். அந்தத் துளியே அவனுக்குப் பெயராயிற்று.

பிறவி நடிகன் என்று பத்திரிகைகள் எழுதின. பிறவியும் இல்லை, நடிப்பும் இல்லை. எல்லாம் அப்பாவின் கைவரிசை. சரியாகச் சொன்னால், வாய்வரிசை.

அப்பா அதே ஸ்டுடியோவின் உடுப்பு அறையில் தையல்காரர். கடைவாய்ப் பல் ஒன்று அழுகிப்போய், பிடுங்கப் பயந்து, எந்நேரமும் கிராம்பை அடக்கிக்கொண்டு திரிபவர். காமிரா ஓடத் தொடங்கியதும் அதன் பார்வைக்குத் தப்பி மகனுக்குப் பின்னால் குந்திக்கொள்வார். சத்தம் பதிவாகாத காலம் என்பதால் படம் ஓடும்போதே யாரும் எதுவும் பேசலாம். டைரக்டர் தகரக் குழலில் கத்துவார், தச்சர் ஆணி அடிப்பார், காமிராக்காரர் கைப்பிடியைச் சுற்றிக்கொண்டே மாமியார் கதை சொல்வார். அந்தச் சந்தைக்கடைக்கு நடுவே அப்பா மகனின் காதருகே குனிவார். கிராம்பும் அழுகலும் கலந்த சூடான மூச்சு காதில் படும்.

"அம்மா செத்துட்டாடா. இப்பதான் ஆள் வந்து சொல்லிட்டுப் போனான்."

துளி கிளம்பிவிடும்.

சாயங்காலம் வீட்டுக்குப் போனால் அம்மா அடுப்பு முன்னால் உயிரோடு நிற்பாள். ஓடிப்போய் இடுப்பைக் கட்டிக்கொள்வான். ஏதோ வெளியூர் போய்த் திரும்பியவளைப் பார்ப்பதுபோல் பார்க்கிறானே என்று அவள் சிரிப்பாள். ஒவ்வொரு தடவையுமா நம்பினான் என்று கேட்கலாம். அப்பா அதற்கும் வழி வைத்திருந்தார். "போன தடவை சும்மா சொன்னேன், இது நிஜம்" என்பார். ஐந்து வயதுக்கு அது போதும். ஏழு வயதுக்கும் போதுமாயிருந்தது.

ஒன்பதாவது வயதில் ஒரு மத்தியானம் அப்பா செட்டுக்கு வந்து அதையே சொன்னார். அன்று அது நிஜம். பையன் முகத்தைத் துடைத்துக்கொண்டான், மோவாயைத் தூக்கினான்.

"எந்தப் பக்கம் பாக்கணும்பா?"

அம்மாவைக் கிடத்தியிருந்த அறையிலும் அவனுக்கு அழுகை வரவில்லை. கண்கள் விளக்கைத் தேடின. அத்தை அத்தனை பேர் முன்னால் கேட்டுவிட்டாள்: "ஊருக்கெல்லாம் அழுவுறே, பெத்தவளுக்கு ஒரு சொட்டு கிடையாதா?" அப்பா சுவரைப் பார்த்தபடி கிராம்பை இந்தக் கன்னத்திலிருந்து அந்தக் கன்னத்துக்கு மாற்றினார்.

மீசை முளைத்ததும் சொட்டு யாருக்கும் வேண்டாதவனாகிப் போனான். படங்கள் பேச ஆரம்பித்தபோது அவர் எடிட்டிங் அறையில் பிலிம் ஒட்டிக்கொண்டிருந்தார். பிறகு உதவி டைரக்டர். இருபத்தெட்டில் டைரக்டர். முதல் படத்தில் ஆறு வயதுப் பெண் குழந்தை ஒன்று நடித்தது. அதன் அம்மா ஒரு சலவைக்காரி. ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போடும் முன் சொட்டுவின் பழைய படம் ஒன்றைச் சொல்லி, அப்படி அழ வைக்க என்ன செய்தார்கள் என்று அவள் கேட்டாள். அதுவரை யாரிடமும் சொல்லாததை அவளிடம் சொன்னார். சொல்லி முடித்ததும் கேளாமலே வாக்கும் கொடுத்தார்.

"என் படத்துல ஒரு குழந்தை காதுல அந்தப் பொய் விழாதும்மா. அழுகை வரலைன்னா அந்தக் காட்சியே வேணாம்."

நல்ல வாக்கு. ஆனால் உடுப்பு அறையில் அப்பாவையே தையல்காரராக வைத்திருந்தார். பெற்றவரை வாசலில் நிறுத்த முடியுமா என்பது அவர் சொன்ன காரணம். நிறுத்தியிருக்கலாம், வாசல் அகலமாகத்தான் இருந்தது.

காட்சி இதுதான்: ஆஸ்பத்திரியில் கிடக்கும் அம்மாவை நினைத்துக் குழந்தை கட்டிலில் உட்கார்ந்து அழவேண்டும். பேசும்படமாதலால் சுவரெல்லாம் கம்பளி தொங்கியது. விசிறி கூடாது, இருமல் கூடாது. மைக்கைக் கட்டிலோரப் பூஜாடிக்குள் ஒளித்து வைத்திருந்தார்கள். பதினோரு தடவை எடுத்தார்கள். குழந்தை வேர்த்தது, கொட்டாவி விட்டது, ஒரு தடவை சிரித்தது. தயாரிப்பாளர் கடிகாரத்தைப் பார்த்துப் பார்த்தே அதைத் தேய்த்துவிட்டார். சலவைக்காரி இஸ்திரி போட்ட இன்னொரு கவுன் எடுத்துவரப் பின்னறைக்குப் போயிருந்தாள்.

பன்னிரண்டாவது தடவை ஓடும்போது கட்டிலின் தலைமாட்டுக்குப் பின்னாலிருந்து ஒரு நரைத்த தலை எழும்பிக் குழந்தையின் காதை நோக்கிக் குனிந்தது. சொட்டு பார்த்தார். நிறுத்து என்ற சொல் அவர் தொண்டை வரை வந்தது. துளி முந்திக்கொண்டது. அது கன்னத்தில் இறங்கி முடியும் வரை டைரக்டர் வாய் திறக்கவில்லை.

பிறகு குழந்தை அலறிக்கொண்டு எழுந்து, நின்ற இடத்திலேயே வாந்தி எடுத்தது. அப்பாவின் செருப்பில் தெறித்தது. அவர் அதைத் திரைச்சீலையில் துடைத்துக்கொண்டே மகனைப் பார்த்தார்.

"நான் இல்லேன்னா இன்னும் நாலு நாள் இழுத்திருப்பே."

தயாரிப்பாளர் அப்பாவின் கையைப் பிடித்துக் குலுக்கினார்.

மைக் பூஜாடிக்குள் இருந்ததை அப்பா அறியவில்லை. அறிந்திருந்தாலும், படம் ஓடும்போது பேசினால் என்ன கெட்டுவிடும் என்ற பழைய புத்தி போயிருக்காது. எடிட்டிங் அறையில் சொட்டு அதைக் கேட்டார். "உங்கம்மா செத்துட்டா. இப்பதான் ஆள் வந்து சொல்லிட்டுப் போனான்." அம்மாதான் வேறு, பொய் அதேதான். கிராம்பு பல்லில் உருளும் சத்தம்கூடத் தெளிவாக விழுந்திருந்தது. மூடிய அறையில் அவருக்கு நாற்றமே அடித்தது.

குரலின் மேல் வயலினைப் போட்டு மூடிவிடும்படி தயாரிப்பாளர் சொன்னார். சொட்டு தலையாட்டினார், செய்யவில்லை. ஜனங்கள் கேட்கட்டும், கேட்டுக் காறித் துப்பட்டும் என்று அப்படியே விட்டார். ஜனங்களைப் பற்றி அவருக்கு அவ்வளவு உயர்ந்த எண்ணம்.

முதல் காட்சி. அரங்கம் நிறைந்திருந்தது. சலவைக்காரியும் மகளும் நடுவரிசையில், அவர்களுக்குப் பின்னால் சொட்டு. திரையில் கட்டில் வந்தது, குரல் வந்தது. யாரும் துப்பவில்லை. கதையில் யாரோ அக்கம்பக்கத்தவர் சொல்வதாக எடுத்துக்கொண்டு எல்லோரும் அழுதார்கள். ஒரே ஒரு ஆள்தான் எழுந்து நின்று கத்தியது.

"பொய்! எங்கம்மா இங்கதான் இருக்காங்க!"

நாலாபுறமும் உஷ் என்றார்கள். முன்வரிசைக்காரர் ஒருவர் ஈரக் கண்ணோடு திரும்பினார்.

"சத்தம் போடாத பாப்பா. அந்தக் குழந்தையைப் பாத்தா உனக்குப் பாவமா இல்ல?"

சலவைக்காரி மகளைத் தூக்கிக்கொண்டு வெளியேறினாள். சொட்டு பின்னாலேயே ஓடினார். நான் சொல்லவில்லை, அப்பாதான், அதை உலகம் கேட்கட்டும் என்றே விட்டேன் என்று நடைபாதையில் மூச்சு வாங்கச் சொன்னார். அவள் குழந்தையை இடுப்பு மாற்றிக்கொண்டாள்.

"நீங்க சொல்லலை, சரி. நிறுத்தவும் இல்லையே. இப்ப டிக்கெட் போட்டுத் தினம் மூணு தடவை எம்பொண்ணு காதுல சொல்றது யாரு?"

உள்ளே கைதட்டல் கேட்டது.

படம் ஆறு மாதம் ஓடியது. முகம் காட்டாத அந்தக் குரலே படத்தின் உயிர் என்று பத்திரிகைகள் எழுதின. கடைசி ரீலில் அம்மா குணமாகி வீடு திரும்புகிறாளே, அப்படியானால் அந்தப் பொய்யைச் சொன்னது யார் என்று ஒருவரும் கேட்கவில்லை. சொட்டு அதன்பின் ஒன்பது படங்கள் எடுத்தார். ஒன்றிலும் குழந்தை கிடையாது, பொம்மைகூடக் கிடையாது.

அப்பாவுக்குத்தான் யோகம். மூன்று கம்பெனிகள் அவர் குரலுக்கு ஆள் அனுப்பின. முப்பது வருஷம் பயந்துகொண்டிருந்த மனிதர் போய் அந்தப் பல்லைப் பிடுங்கிக்கொண்டு வந்தார். உச்சரிப்பு சுத்தமாக இருக்க வேண்டுமாம்.